சான்று கேட்காத ஊர்: ஷோபாசக்தியின் எழுத்தும் நடிப்பும்

(மன்னார் நகரில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவின் திருத்திய எழுத்து வடிவம்)



புலம்பெயர் இலக்கியம் பற்றிப் பொதுவாகப் பேசும்படிதான் என்னை அழைத்தார்கள். அதை ஒரே ஓர் எழுத்தாளருக்குள் சுருக்கிக்கொள்ள நானே அனுமதி கேட்டேன். ஐம்பது பெயர்களை அடுக்கிவிட்டு இறங்குவதைவிட ஒருவரை உங்கள் முன் நிறுத்தி, அவர் மூலம் உங்கள் கரையையே பார்க்க முயல்வது பயனுள்ளது என்று நினைத்தேன்.

அவர் பெயர் ஷோபாசக்தி. இயற்பெயர் அன்ரனிதாசன் யேசுதாசன். 1967இல் யாழ்ப்பாணத்தின் மேற்கே, வேலணைத் தீவின் அல்லைப்பிட்டிக் கிராமத்தில் பிறந்தவர். பதின்வயதில் விடுதலைப் புலிகள் இயக்கத்தில் சேர்ந்து, சில ஆண்டுகளில் விலகியவர். 1980களின் இறுதியில் நாட்டை விட்டு வெளியேறித் தாய்லாந்தில் அகதியாகத் தங்கியிருந்து, 1993இல் போலிக் கடவுச்சீட்டில் பிரான்ஸ் போய்ச் சேர்ந்தவர். அங்கே உணவகங்களில் கோப்பை கழுவினார், பேரங்காடிகளில் பொருள் அடுக்கினார், இடதுசாரி அமைப்பொன்றில் இயங்கினார், எழுதினார். ‘கொரில்லா’ 2001இல் வந்தது. ‘ம்’, ‘பாக்ஸ் கதைப்புத்தகம்’, ‘இச்சா’, ‘ஸலாம் அலைக்’ என்று நாவல்கள் தொடர்ந்தன. 2015இல் ஜாக் ஓடியார் இயக்கிய ‘தீபன்’ படத்தில் அவர் தலைமைப் பாத்திரம் ஏற்க, அந்தப் படம் கான் திரைப்பட விழாவில் தங்கப்பனை விருதைப் பெற்றது. மறு ஆண்டு, பிரான்சின் சீசர் விருதுக்கான சிறந்த நடிகர் பட்டியலில் அவர் பெயர் இடம்பெற்றது.

இவரைப் பற்றித் தமிழில் எழுதுவோர் பெரும்பாலும் எழுத்தாளரைத் தனியாகவும் நடிகரைத் தனியாகவும் பேசுகிறார்கள். இரண்டும் ஒரே வேலை என்பதே இன்று நான் நிறுவ விரும்பும் கருத்து. தான் யார் என்பதை இன்னொருவர் நம்பும்படி சொல்லியே தீர வேண்டிய நிலையில் நிற்கும் மனிதரைத்தான் ஷோபாசக்தி எழுதுகிறார். அந்த மனிதராகத்தான் நடிக்கிறார். அகதியின் அடையாளம் அவர் நெஞ்சுக்குள் பத்திரமாக இருக்கும் பொருள் போல நாம் பேசுகிறோம். அது ஒரு மேசையின் முன்னால், கேட்பவரின் முகம் பார்த்து, பயந்து பயந்து கட்டப்படுகிறது. அந்தக் கதையைச் சொல்ல வேண்டிய தேவை எங்கே இல்லையோ, அங்கேதான் ஒருவருக்கு ஊர் என்று ஒன்று உண்டாகிறது. ஐந்து படிகளில் இதை விளக்கப் பார்க்கிறேன்.

1. மேசை முன் பிறந்த நாவல்

1951ஆம் ஆண்டின் ஜெனீவா உடன்படிக்கை அகதி யார் என்று வரையறுக்கிறது. இனம், மதம், தேசியம், குறிப்பிட்ட சமூகக் குழு ஒன்றைச் சேர்ந்திருத்தல், அரசியல் கருத்து ஆகிய ஐந்தில் ஒன்றின் காரணமாகத் துன்புறுத்தப்படுவோம் என்ற நியாயமான அச்சம் அவருக்கு இருக்க வேண்டும். அச்சம் மனதுக்குள் இருப்பது. அது நியாயமானதா என்று தீர்மானிப்பவரோ மேசைக்கு அந்தப் பக்கம் இருக்கும் அதிகாரி. அந்த இடைவெளியைக் கடக்க மனுதாரரிடம் இருப்பது ஒரு கதை மட்டுமே. எந்தத் திகதியில் பிடித்தார்கள், எந்த முகாமில் வைத்தார்கள், எந்த வழியாக வந்தாய், யார் பணம் கொடுத்தது? முதல் விசாரணையில் சொன்ன திகதி இரண்டாவது விசாரணையில் மாறினால் கதை உடைந்துவிடும்.

பாரிஸ் தமிழர் இதைக் ‘கேஸ்’ என்கிறார்கள். பிரெஞ்சு அரசின் அகதிகள் காப்பு அலுவலகம் அவர்கள் வாயில் ‘ஒஃப்ரா’. லா சப்பல் பகுதியில் தமிழ்க் கடைகளும் பயண முகவர்களும் பெருகியபோது, கேஸ் எழுதிக் கொடுப்பவர்களும் அதை மொழிபெயர்ப்பவர்களும் இருந்தார்கள். எந்தக் கதை தேறும், எந்தக் கதை தேறாது என்ற அனுபவ அறிவு அங்கே கைமாறியது. இதை ஒழுக்கக் கேடு என்று மேலோட்டமாகத் தீர்ப்பளித்துவிட்டுப் போக என்னால் முடியாது. ஒரே இளைஞரை இலங்கை இராணுவமும் பிடித்திருக்கும், இந்திய அமைதிப் படையும் பிடித்திருக்கும், அவர் விட்டு வந்த இயக்கமும் தேடியிருக்கும். அவ்வளவையும் உள்ளபடி சொன்னால் அதிகாரிக்குக் குழப்பம். குழப்பமான கதைக்கு அந்தப் படிவத்தில் இடமில்லை. ஆகவே நடந்தவற்றில் பாதியை வெட்டி, மீதியை நேர்கோட்டில் நிறுத்துகிறார்கள். உண்மை அதிகமாக இருந்ததால் சுருக்கப்பட்ட கதைகள் அவற்றில் எத்தனையோ.

‘கொரில்லா’ நாவல் ஓர் அகதி விண்ணப்பத்தோடுதான் தொடங்குகிறது. பிரெஞ்சு அதிகாரிகளுக்கு ஒரு தமிழர் எழுதும் மனு. பணிவான நடை, ஒழுங்கான அடுக்கு. அதைத் தாண்டியவுடன் மனுவில் சொல்ல முடியாத எல்லாம் வந்து விழுகின்றன: தீவுக் கிராமம், ஊரை மிரட்டும் தகப்பன், சாதி, வறுமை, இயக்கத்தில் சேர்ந்த பையனின் பெருமிதம், அதே இயக்கத்தின் கையால் அவன் பட்ட அவமானம். பக்கங்களின் அடியில் அடிக்குறிப்புகள் வருகின்றன. நாவலுக்கு அடிக்குறிப்பு எதற்கு என்று அன்று கேட்டவர்கள் உண்டு. மனுவோடு ஆவணங்களை இணைத்துப் பழகிய ஒரு மக்கள் கூட்டத்தின் நாவல் வேறு எப்படி இருக்க முடியும்? தமிழ் நாவல் வரலாற்றில் இதை ஒரு வடிவக் கண்டுபிடிப்பு என்றே நான் கருதுகிறேன். அலுவலகத்தின் படிவத்தை வாங்கி, அதன் பின்பக்கத்தில் எழுதிய நாவல் அது. அதிகாரி நிராகரித்த பகுதிகளை வாசகரிடம் கொடுக்கிறது.

2004இல் வந்த ‘ம்’ இன்னும் ஒரு படி மேலே செல்கிறது. 1983 ஜூலை 25, 27 ஆகிய இரு நாட்களில் வெலிக்கடைச் சிறையில் 53 தமிழ்க் கைதிகள் கொல்லப்பட்டதையும், அதே ஆண்டு செப்டெம்பரில் நிகழ்ந்த மட்டக்களப்புச் சிறை உடைப்பையும் கடந்து வந்த ஒருவர் அதன் மையத்தில் இருக்கிறார். அவர் பட்ட சித்திரவதை முழு உண்மை. அதே மனிதர் ஐரோப்பாவில் தன் சொந்த வீட்டுக்குள் மன்னிக்க முடியாத கொடுமை செய்தவராகவும் வருகிறார். துன்பப்பட்டவர் தூயவராகவும் இருந்தாக வேண்டும் என்று அகதி அலுவலகம் எதிர்பார்க்கிறது. வாசகர்களாகிய நாமும் அப்படியே எதிர்பார்க்கிறோம். வாசித்து முடித்தபோது எனக்கு அந்த மனிதர் மீது அருவருப்பும், அவர் சிறையில் பட்டது பற்றிய துயரமும் சேர்ந்தே எழுந்தன. ஒன்று மற்றதைக் கரைக்கவில்லை. எந்த மேசையிலும் ஏற்கப்படாத கதையைத்தான் ஷோபாசக்தி தேடி எடுத்து எழுதுகிறார் என்பதற்கு இதைவிட வலுவான உதாரணம் என்னிடம் இல்லை.

2. கட்டியகாரன் இல்லாத மேடை

மன்னார் மண்ணில் நடிப்பைப் பற்றிப் பேசும்போது கூத்தைத் தவிர்க்க முடியாது. பேராசிரியர் சு. வித்தியானந்தன் 1960களில் மன்னார்ப் பகுதியின் ‘என்றீக்கு எம்பரதோர்’, ‘மூவிராசாக்கள்’, ‘ஞானசவுந்தரி’ நாடகங்களைப் பதிப்பித்து, உங்கள் அண்ணாவிமாரின் செல்வத்தை உலகறியச் செய்தார். வாசாப்பு நாடகம் பார்த்து வளர்ந்தவர்கள் இந்த அவையில் இருக்கிறீர்கள். பகல் முழுதும் கரைவலை இழுத்தவர் இரவில் எம்பரதோராக வருகிறார். அவர் வருவதற்கு முன்பே கட்டியகாரன் வந்து, வரப்போவது யார் என்று சபைக்கு அறிவித்துவிடுகிறான். பிறகு வரவுப் பாட்டு. சபை நம்பிவிடுகிறது. மகுடத்துக்கு உறுதி எங்கே என்று கேட்பவர் எவருமில்லை. அவர் நாளைக் காலை மீண்டும் வலை இழுப்பார் என்பது தெரிந்தும் அந்த இரவில் அவர் அரசர்.

அகதி விசாரணையும் ஒரு மேடைதான். அங்கே கட்டியகாரன் கிடையாது. தன் வரவைத் தானே பாட வேண்டும், அதுவும் நம்ப மறுக்கும் சபை முன்.

‘தீபன்’ படத்தின் முதற்பகுதி இதை மிகக் கூர்மையாகக் காட்டுகிறது. போரின் இறுதியில் தோழர்களின் உடல்களை எரித்துவிட்டு வரும் ஒரு போராளி, இறந்துபோன ஒருவரின் கடவுச்சீட்டை வாங்குகிறார். அந்தக் கடவுச்சீட்டில் இருப்பவருக்கு மனைவியும் மகளும் உண்டு. ஆகவே யாழினி என்ற பெண் முகாமில் அலைந்து, தாயை இழந்த ஒரு பிள்ளையைத் தேடிப் பிடிக்கிறாள். ஒருவருக்கொருவர் அந்நியரான மூவர் ஒரு குடும்பமாகப் பாரிசின் புறநகர்க் குடியிருப்பில் இறங்குகிறார்கள். பாடசாலையில், அலுவலகத்தில், அயலவர் முன் அவர்கள் நடிக்க வேண்டும். வீட்டுக் கதவைச் சாத்தியதும் நடிப்பு நிற்கிறது. நின்றதும் அங்கே ஒரு வெறுமை பரவுகிறது. அந்த நாடகம் மெய்யாக வேண்டும் என்று முதலில் ஏங்குவது பிள்ளைதான்.

இந்தப் பாத்திரத்தில் தன் வாழ்க்கை பாதியளவு உண்டு என்று ஷோபாசக்தியே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். இன்னொருவர் பெயரில் பயணம் செய்தவர், இன்னொருவர் பெயரில் பயணம் செய்யும் ஒருவராக நடிக்கிறார். ஆனால் திரையில் என்னைத் தொட்டது அவர் பேசும் இடங்களைவிட, கேட்கும் இடங்கள். புரியாத பிரெஞ்சுக்கு முன் அவர் முகம் பணிவாகத் தாழ்ந்து, கண்கள் மட்டும் கணக்குப் போட்டுக்கொண்டிருக்கும். இந்த மனிதருக்கு இப்போது என்ன பதில் வேண்டும் என்ற கணக்கு. பயிற்சிக் கூடத்தில் கற்றுக்கொள்ளும் நடிப்பாக அது எனக்குத் தெரியவில்லை. அகதி அலுவலகங்களில் வரிசையில் நின்றவர்கள் எல்லாரும் அறிந்த நடிப்பு அது.

படத்தின் முடிவில் எனக்கு உடன்பாடில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். கடைசியில் போராளி மீண்டும் போராளியாகி, படிக்கட்டுகளில் ஆட்களை வீழ்த்தி, யாழினியை மீட்டு, இங்கிலாந்தில் வெயிலடிக்கும் தோட்டத்தில் கைக்குழந்தையோடு நிற்கிறார். மூவரும் உண்மைக் குடும்பமாவது மெதுவாக, தயங்கித் தயங்கி நிகழ வேண்டிய காரியம். அதைத் துப்பாக்கி முடித்துவைப்பதை என்னால் ஏற்க முடியவில்லை. எங்கள் ஆண்களை ஐரோப்பா எப்படிப் பார்க்க விரும்புகிறதோ அப்படியே அந்தக் கடைசிக் காட்சிகள் பார்க்கின்றன.

3. வியட்நாமியரின் வாக்குமூலம்

மேசை முன் கதை சொல்லித் தன்னை நிரூபிக்க வேண்டிய இந்த நிலைமை தமிழருக்கு மட்டும் வாய்த்ததா? அதே 2015இல், ‘தீபன்’ கானில் திரையிடப்படுவதற்குச் சில வாரங்களுக்கு முன், அமெரிக்காவில் வியட் தான் நுயென் எழுதிய ‘த சிம்பதைசர்’ நாவல் வெளிவந்தது. மறு ஆண்டு அதற்குப் புலிட்சர் பரிசு கிடைத்தது. நுயென் 1971இல் வியட்நாமில் பிறந்தவர். 1975இல் சைகோன் வீழ்ந்தபோது பெற்றோரோடு அமெரிக்கா வந்து, பென்சில்வேனியாவில் ஓர் அகதி முகாமில் இறங்கியவர். முகாமை விட்டு வெளியேற ஒவ்வொருவருக்கும் அமெரிக்கப் புரவலர் தேவைப்பட்டதால், நான்கு வயதில் சிறிது காலம் பெற்றோரைப் பிரிந்து வேறொரு குடும்பத்தோடு வாழ்ந்தவர்.

அவருடைய நாவல் முழுவதும் ஒரு வாக்குமூலம். தென் வியட்நாம் இராணுவத்துக்குள் இருந்த கம்யூனிஸ்ட் உளவாளி ஒருவர், கடைசியில் தன் சொந்தக் கட்சியின் சிறையிலே, முகாம் தளபதிக்காகத் தன் கதையை எழுதி எழுதித் திருத்துகிறார். எழுதியது போதவில்லை, உண்மையாக இல்லை, மீண்டும் எழுது என்கிறார்கள். ‘கொரில்லா’வின் விண்ணப்பத்தையும் இந்த வாக்குமூலத்தையும் அருகருகே வைத்துப் பாருங்கள். ஒருவர் மற்றவரை வாசித்து எழுதியதற்கான தடயம் இல்லை. இரண்டு கடல்களைக் கடந்த இரண்டு மக்கள், தாங்கள் உட்கார வைக்கப்பட்ட மேசையிலிருந்தே நாவலின் வடிவத்தை எடுத்திருக்கிறார்கள்.

நுயெனின் நாவலில் நடிப்பும் வருகிறது. பிலிப்பைன்சில் எடுக்கப்படும் ஒரு ஹாலிவுட் போர்ப்படத்துக்கு, அங்குள்ள முகாமின் வியட்நாமிய அகதிகளைத் துணை நடிகர்களாகக் கூலிக்கு எடுக்கிறார்கள். யாரிடமிருந்து தப்பி ஓடி வந்தார்களோ அவர்களுடைய வேடத்தையே போட்டு, திரையில் சாக வேண்டும்.

வரலாற்றுச் செய்தி ஒன்றையும் இங்கே சேர்க்க வேண்டும். 1975க்குப் பின் படகில் வந்த வியட்நாமியர் தங்கள் கதையை நிரூபிக்க வேண்டியிருக்கவில்லை. வந்து சேர்ந்தாலே அகதி. 1988 ஜூனில் ஹொங்கொங் இதை மாற்றியது. 1989 ஜூனில் ஜெனீவாவில் கூடிய மாநாட்டுக்குப் பிறகு தென்கிழக்கு ஆசியா முழுவதும் ஒவ்வொருவராக விசாரித்துப் பிரிக்கும் முறை வந்தது. தேறாதவர் திருப்பி அனுப்பப்பட்டனர். ஷோபாசக்தி அந்த வட்டாரத்தில் அகதியாக அலைந்த காலமும் இதுவே. உலகம் கதை கேட்கத் தொடங்கிய அந்த ஆண்டுகளில், கேட்கப்படும் இடத்தில் அவர் இருந்தார்.

4. ஊரார் போடும் மேசை

அரசுகள் மட்டுமா சான்று கேட்கின்றன? 2003இல் வந்த ஷோபாசக்தியின் சிறுகதைத் தொகுப்பின் பெயர் ‘தேசத்துரோகி’. புலம்பெயர்ந்த தமிழ்ச் சமூகத்தில் மாற்றுக் கருத்துச் சொன்னவர்கள் மீது வீசப்பட்ட சொல்லையே அவர் தன் புத்தகத்தின் முகப்பில் எழுதிக்கொண்டார். நீ யாருடைய ஆள், எந்தக் கூட்டத்துக்குப் போனாய், யாரோடு படம் எடுத்துக்கொண்டாய் என்ற கேள்விகள் லா சப்பலில் தமிழிலேயே கேட்கப்பட்டன. ஒஃப்ராவில் விசாரணைக்கு ஒரு நாள் குறிப்பார்கள். முடிந்தால் முடிவு வரும். ஊரார் நடத்தும் விசாரணைக்கு முடிவே இல்லை.

அவருடைய அரசியல் நிலைப்பாடுகள் எல்லாவற்றோடும் நான் உடன்படுகிறேன் என்று யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். சில கட்டுரைகளில் எதிராளியை வீழ்த்தும் வேகம் நியாயத்தை மிஞ்சிவிடுகிறது என்பதே என் எண்ணம். ஆனால் 1990 அக்டோபரில் வடக்கின் முஸ்லிம்களை விடுதலைப் புலிகள் வெளியேற்றியதைத் தமிழில் தயக்கமின்றிக் கண்டித்து எழுதியவர்களில் அவரும் ஒருவர். மன்னாரில் நின்று பேசும் நான் அதை எண்ணிப் பார்க்காமல் இருக்க முடியாது. அந்த விடயத்துக்குக் கடைசியில் வருகிறேன்.

மேசை முன் சொல்லப்படும் அச்சம் எங்கிருந்து வருகிறது என்று காண, அவருடைய சொந்த ஊருக்கு நடந்தவற்றையும் உங்கள் ஊருக்கு நடந்தவற்றையும் நாட்காட்டியில் சேர்த்துப் பாருங்கள். 2006 மே 13 அன்று அல்லைப்பிட்டியில் குழந்தைகள் உட்பட 13 பேர் கொல்லப்பட்டனர். ஜூன் இரண்டாம் வாரத்தில் வங்காலையில் தாய், தகப்பன், இரு பிள்ளைகள் என ஒரு குடும்பம் கொல்லப்பட்டது. ஜூன் 17 அன்று பேசாலைத் தேவாலயத்தில் தஞ்சம் புகுந்திருந்தவர்கள் தாக்கப்பட்டனர். ஓகஸ்டில் அல்லைப்பிட்டிப் பங்குத்தந்தை ஜிம் பிரவுண் அடிகளார் காணாமற்போனார். இரண்டும் கத்தோலிக்கக் கரைகள். இரண்டும் கடலை வாசலாகக் கொண்டவை. அந்த மாதங்களில் பேசாலையிலும் தலைமன்னாரிலும் வள்ளம் ஏறியவர்களில் யாருக்கும் தங்கள் அச்சம் உடன்படிக்கையின் எந்தப் பிரிவில் அடங்கும் என்று தெரிந்திருக்காது.

5. இந்தக் கரையில் அதே மேசை

தலைமன்னாரிலிருந்து தனுஷ்கோடி சுமார் 30 கிலோமீட்டர். இடையில் மணல் திட்டுகள். 1914இல் இரயிலையும் கப்பலையும் இணைத்துத் தொடங்கிய போக்குவரத்து, சென்னையில் ஏறியவரைக் கொழும்பில் இறக்கியது. இந்த வழியாகத்தான் மலையகத் தோட்டங்களுக்குத் தொழிலாளர் வந்தனர். மண்டபத்தில் தனிமைப்படுத்தும் முகாமில் தங்கவைக்கப்பட்டு, நோய் பார்க்கப்பட்டு, அதன் பிறகே வந்தனர். 1948இன் குடியுரிமைச் சட்டம் அவர்களிடம் தகப்பனோ, பாட்டனும் பூட்டனுமோ இலங்கையில் பிறந்ததற்கு ஆதாரம் கேட்டது. தோட்ட லயங்களில் பிறந்தவர்களிடம் ஏது பிறப்புச் சான்றிதழ்? 1964இன் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் ஐந்தேகால் இலட்சம் பேரை இந்தியாவுக்கும் மூன்று இலட்சம் பேரை இலங்கைக்கும் எனப் பங்கிட்டது. ஒப்பந்தம் கையெழுத்தாகி இரண்டு மாதத்துக்குள் புயல் தனுஷ்கோடியை அழித்தது; பிறகு இராமேஸ்வரத்திலிருந்து கப்பல் ஓடியது. இங்கே ‘இந்தியக்காரர்’ என்று அழைக்கப்பட்டு அந்தக் கப்பலில் ஏறியவர்கள் அங்கே இறங்கியதும் ‘சிலோன்காரர்’ ஆனார்கள்.

போர் தொடங்கிய பின் கப்பல் நின்றது; வள்ளங்கள் ஓடின. அதே மண்டபம் இப்போது ஈழ அகதிகளின் முகாம் ஆனது. தமிழ்நாட்டு அரசு 2021இல் இந்த முகாம்களுக்கு மறுவாழ்வு முகாம்கள் என்று பெயர் மாற்றியபோதும் அவற்றில் ஏறத்தாழ 58,000 பேர் இருந்தனர். அங்கேயே பிறந்து, அங்கேயே பிள்ளை பெற்றவர்களும் அதில் அடக்கம். இந்தியாவின் 2019ஆம் ஆண்டுக் குடியுரிமைத் திருத்தச் சட்டம் இவர்களைச் சேர்த்துக்கொள்ளவில்லை. 2022 மார்ச்சில், அரிசிக்கும் பால்மாவுக்கும் வழியற்று மன்னார்க் கரையிலிருந்து புறப்பட்ட குடும்பங்கள், குழந்தைகளோடு அரிச்சல்முனைக்கு அருகே மணல் திட்டில் இறக்கிவிடப்பட்டுக் காத்திருந்தன. பசியைப் பற்றி 1951 உடன்படிக்கை எதுவும் சொல்லவில்லை.

ஷோபாசக்தி இந்தக் கடலின் மறுகரைக்கு வந்து பணியாற்றியிருக்கிறார். லீனா மணிமேகலை இயக்கி 2011இல் வெளிவந்த ‘செங்கடல்’ படத்துக்கு அவர் இணை எழுத்தாளர், நடிக்கவும் செய்தார். தனுஷ்கோடியில் எடுக்கப்பட்ட அந்தப் படத்தில் மீனவர்களும் முகாம் வாசிகளும் தங்களையே நடித்தனர். தணிக்கை வாரியம் முதலில் சான்றிதழ் மறுத்தது. மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் சென்றுதான் படம் வெளிவந்தது. படத்தில் செம்மையற்ற இடங்கள் பல உண்டு. ஆயினும் ‘தீப’னைவிட அதை நான் உயர்வாக மதிக்கிறேன். அங்கே நடிப்பவர்கள் எந்த அதிகாரியையும் நம்பவைக்க முயலவில்லை. தங்கள் சனத்தோடு கதைப்பது போலவே கமராவின் முன் கதைக்கிறார்கள்.

சிட்னி நகர மண்டபத்தில் 2019 ஜனவரியில் அரங்கேறிய எஸ். சக்திதரனின் ‘கவுண்டிங் அண்ட் கிராக்கிங்’ நாடகத்திலும் ஷோபாசக்தி நடித்தார். இறந்துவிட்டதாக மனைவி எண்ணியிருந்த கணவர் பல்லாண்டுகளுக்குப் பின் உயிரோடு இருப்பது தெரியவரும் கதை அது. இந்த மாவட்டத்தில் அப்படி ஒரு தொலைபேசி அழைப்புக்காக இன்னும் காத்திருக்கும் தாய்மார் எத்தனை பேர் என்பது உங்களுக்குத் தெரியும். 2016இன் சட்டம் அவர்களுக்குக் ‘காணாமற்போனமைச் சான்றிதழ்’ தரலாம் என்கிறது. மகன் இல்லை என்பதற்கும் ஒரு தாள் வாங்க வேண்டியிருக்கிறது.

இனி, நான் ஒத்திவைத்த விடயம். 1990 அக்டோபரில் எருக்கலம்பிட்டி உள்ளிட்ட மன்னார்த் தீவின் முஸ்லிம் கிராமங்களும், எதிர்ப் பெருநிலத்தில் முசலிப் பகுதியும் சில நாட்களில் வெறுமையாக்கப்பட்டன. வடக்கு முழுவதிலும் வெளியேற்றப்பட்ட ஏறத்தாழ 75,000 பேரில் மன்னார் மக்களே பெரும்பங்கு. படகேறிக் கற்பிட்டியில் இறங்கியவர்கள் புத்தளத்தில் ஓலைக் கொட்டில்களில் இருபது ஆண்டுகள் இருந்தார்கள். 2009க்குப் பிறகு திரும்பி வந்தபோது மறிச்சுக்கட்டிப் பக்கத்தில் அவர்களுடைய காணிகள் காடாகியிருந்தன. அவர்களில் பலர் திரும்பும் முன்பே, 2012இல், அந்த நிலங்களைக் காப்புக்காடாக்கி வர்த்தமானி வெளிவந்தது. தங்கள் பாட்டனாரின் கிணற்றடியில் நின்று, காட்டை அழித்தவர்கள் அல்ல என்று அவர்கள் நாடு முழுவதற்கும் விளக்கம் சொல்ல வேண்டி வந்தது. காணி உறுதி எங்கே, வாக்காளர் இடாப்பில் பெயர் புத்தளத்திலா மன்னாரிலா, பிள்ளைகள் எங்கே படிக்கிறார்கள்? இந்தக் கேள்விகளை அலுவலகங்கள் கேட்டன. அயலவர்களாகிய நாமும் கேட்டோம்.

லா சப்பலில் நிற்கும் தமிழருக்காக உருகும் நம் மனம், புத்தளத்திலிருந்து வந்து தன் வீட்டுச் சுவரைத் தேடுபவரிடம் உறுதி கேட்கிறது. மலையகத்தில் வன்முறைக்குத் தப்பி வந்து வன்னியிலும் மன்னார்ப் பெருநிலத்திலும் குடியேறி, போரில் மீண்டும் மீண்டும் இடம்பெயர்ந்த குடும்பங்களிடமும் நாம் அப்படித்தான் நடந்துகொள்கிறோம். இரண்டு தலைமுறை இங்கே பிறந்த பிறகும் அவர்களை ‘வந்த ஆட்கள்’ என்கிறோம். ஷோபாசக்தியை மன்னாரில் வாசிப்பதென்றால், பாரிசுக்குப் போன தமிழரின் துயரத்தை மட்டும் அறிந்துகொண்டு புத்தகத்தை மூட முடியாது. அவர் எழுதும் மேசைக்கு அந்தப் பக்கம் சில வேளைகளில் நாமும் அமர்ந்திருக்கிறோம்.

மாணவர்களுக்கு ஒரு வேண்டுகோளோடு நிறுத்துகிறேன். 2015 மார்ச்சில் தலைமன்னாருக்கு இரயில் திரும்பி வந்தது. அந்த இரயிலில் வரும் வயதானவர்களில் கப்பலில் போனவர்கள் இருப்பார்கள், வள்ளத்தில் போய் வந்தவர்கள் இருப்பார்கள், கற்பிட்டிக்குப் போய் வந்தவர்கள் இருப்பார்கள். அவர்களை வள்ளத்தில் ஏற்றிய ஓட்டிகளும் இந்தக் கரையில்தான் இருக்கிறார்கள். அவர்களிடம் போய்க் கேளுங்கள். திகதி முன்பின் ஆனால் திருத்தாதீர்கள். ஒருவர் இன்று ஒன்றும் நாளை வேறொன்றும் சொன்னால் இரண்டையும் எழுதிவையுங்கள். பேசாலையில் கேட்டதையும் எருக்கலம்பிட்டியில் கேட்டதையும் ஒரே கட்டில் சேருங்கள். அடிக்குறிப்பு வேண்டுமென்றால் போடுங்கள். எப்படிப் போடுவது என்று ‘கொரில்லா’ கற்றுத் தரும். எழுதியவற்றைப் பாதுகாக்க ‘நூலகம்’ மின்னூலகம் போன்ற நல்ல முயற்சிகள் நம்மிடையே இருக்கின்றன. அடுத்த ஆண்டு இதே அறக்கட்டளை மேடையில், வெளியூரிலிருந்து வரும் என் போன்ற ஒருவருக்குப் பதிலாக, உங்களில் இருவர் நின்று அந்தக் கட்டிலிருந்து சில பக்கங்களை வாசிக்க வேண்டும் என்று தலைவர் அவர்களிடம் இந்த அவையின் முன்னிலையிலேயே கேட்டுக்கொள்கிறேன்.